பூரணம் வைத்துச் சுருட்டும் ஆம்லெட்: புதிதாகச் செய்பவர்களுக்கு ஒரு வழிகாட்டி

இங்கே மொரீஷியஸில், என் தங்கை மகனுக்கு எபேன் நகரில் வேலை கிடைத்தது. மாஹேபூர் வீட்டை விட்டு வந்து ரோஸ் ஹில்லில் தனியறை எடுத்த முதல் வாரத்திலேயே, ஒரு காலையில் தொலைபேசியில் அழைத்தான்.

“பெரியம்மா, ஆம்லெட்டைச் சுருட்டினேன். நடுவில் கிழிந்து தக்காளி எல்லாம் வெளியே வந்துவிட்டது. தட்டு முழுக்கத் தண்ணீர்.”

“தக்காளியை வதக்கி வைத்தாயா, பச்சையாக வைத்தாயா?”

“பச்சையாகத்தான்.”

“சட்டி எவ்வளவு காய்ந்திருந்தது?”

“அம்மா தோசைக்குக் கல்லைக் காய வைப்பார்களே, அந்த அளவுக்கு.”

புதிதாகச் செய்பவர்கள் தடுக்கி விழும் இடங்கள் பெரும்பாலும் இந்த இரண்டுதான். பூரணத்தில் ஈரம் இருந்துவிடுகிறது. அடுப்பில் சூடு மிகுந்துவிடுகிறது. சுருட்டுவது கைத்திறன் என்று நினைத்து எல்லோரும் அதைக் கண்டுதான் அஞ்சுகிறார்கள். பூரணம் உலர்ந்தும் தீ தணிந்தும் இருந்துவிட்டால் முட்டை தானாகவே உருண்டு வரும் என்பதை ஒருமுறை செய்து பார்த்தால் தெரிந்துகொள்ளலாம். அவனுக்கு அன்று தொலைபேசியில் அரைகுறையாகச் சொன்னதைத்தான் இங்கே முறையாக எழுதுகிறேன்.

நம் வீடுகளில் ஆம்லெட் என்றால் வெங்காயம், பச்சை மிளகாய், கொத்தமல்லி எல்லாவற்றையும் முட்டையோடு சேர்த்து அடித்து, நன்றாகக் காய்ந்த கல்லில் ஊற்றி, இருபுறமும் சிவக்கத் திருப்பிப் போட்டு எடுப்பது வழக்கம். அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. மழை நாளில் அதைப் போல வேறொன்றும் இல்லை. இங்கே நாம் செய்யப்போவது பிரெஞ்சுச் சமையலின் வழியில் வருவது. இதில் முட்டையைத் தனியாகவும் பூரணத்தைத் தனியாகவும் சமைக்கிறோம், முட்டையைத் திருப்பிப் போடுவதே இல்லை, வெளிப்புறம் மஞ்சளாக மிருதுவாக இருக்க உட்புறம் சற்றே குழைவாக நிற்கும். 1715 முதல் 1810 வரை பிரெஞ்சுக்காரர் கையில் இருந்த இந்தத் தீவில், அவர்கள் காலத்திலேயே புதுச்சேரியிலிருந்து தமிழ்க் கைவினைஞர்கள் வந்து குடியேறிவிட்டதால், மொரீஷியஸ் வீட்டு அடுப்பில் தைம் என்ற மணமூட்டும் இலையும் கறிவேப்பிலையும் ஒரே சட்டியில் வதங்குவது புதுமை அல்ல. இந்த ஆம்லெட்டுக்குள்ளும் அவை இரண்டும் சேர்ந்தே வரும்.

பாத்திரம்

தோசைக்கல்லை எடுக்காதீர்கள். அதற்கு விளிம்பு இல்லை. சுருட்டிய முட்டை சரிந்து போய் ஒதுங்குவதற்குச் சாய்வான விளிம்பு கட்டாயம் வேண்டும். அடிப்பாகம் ஏறத்தாழ 20 சென்டிமீட்டர் அகலமும், பக்கங்கள் நேராக நிற்காமல் வெளிப்புறமாகச் சாய்ந்தும் இருக்கும் ஒட்டாத வாணலி 3 முட்டைக்குப் பொருத்தமானது. 2 முட்டை மட்டும் செய்வதாக இருந்தால் அதைவிடச் சிறியது வேண்டும். பெரிய வாணலியில் 2 முட்டையை ஊற்றினால் அது காகிதம் போலப் பரவி, பூரணத்தின் பாரம் தாங்காமல் கிழிந்துவிடும். அதற்கு நேர்மாறாக, விருந்தினர் வந்திருக்கிறார்களே என்று 6 முட்டையை ஒரே சட்டியில் ஊற்றினால் அடி வெந்து மேல் பச்சையாக நிற்கும். ஒருவருக்கு ஒன்றாகத் தனித்தனியே செய்வதுதான் விரைவும்கூட.

வாணலியின் பூச்சு கீறல் விழுந்து உரிந்திருந்தால், அதில் இதைக் கற்றுக்கொள்ள முயல வேண்டாம். முட்டை ஒட்டிக்கொண்டால் உங்கள் கையைத்தான் குறை சொல்லிக்கொள்வீர்கள், குறை சட்டியில் இருக்கும். கிளறுவதற்குச் சிலிக்கோன் கரண்டியோ மெல்லிய மரக்கரண்டியோ போதும். முள்கரண்டி முட்டை அடிப்பதற்கு மட்டும். ஒட்டாத வாணலியில் அதைப் படவிடக் கூடாது. இவற்றோடு, ஆம்லெட்டைக் கவிழ்ப்பதற்கு ஒரு தட்டு, அடுப்புக்கு எட்டும் தூரத்தில், முன்பே வெந்நீர் ஊற்றித் துடைத்து வெதுவெதுப்பாக இருக்க வேண்டும். முட்டை சட்டியில் விழுந்தபின் தட்டைத் தேடி அலமாரியைத் திறப்பவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

முட்டை

புதிய முட்டையாக இருக்க வேண்டும். தெருமுனைக் கடைகளில் முட்டைகள் குளிர்பெட்டியில் இல்லாமல் அட்டைத் தட்டில் வெளியே அடுக்கியிருப்பதும், டிசம்பர் முதல் மார்ச் வரை போர்ட் லூயி வெயில் எப்படி இருக்கும் என்பதும் இங்கே இருப்பவர்களுக்குத் தெரியும். ஐயமாக இருந்தால் ஒரு கிண்ணத் தண்ணீரில் முட்டையை இடுங்கள். அடியில் படுத்துக் கிடந்தால் புதிது. நின்றுகொண்டிருந்தால் சற்றுப் பழையது, அவித்துச் சாப்பிடலாம். மிதந்தால் எறிந்துவிடுங்கள். நாளாக நாளாக ஓட்டின் நுண்துளைகள் வழியாக ஈரம் வெளியேறி, உள்ளே இருக்கும் காற்றறை பெரிதாவதால்தான் இப்படி மிதக்கிறது. குளிர்பெட்டியில் வைத்திருந்த முட்டையானால் அரை மணி நேரம் முன்பு வெளியே எடுத்து வையுங்கள். குளிரான கூர்ப்பீப் ஊரில் ஜூலை மாதமானால் இன்னும் சற்று முன்னதாகவே எடுக்கலாம். குளிர்ந்த முட்டை சட்டியின் சூட்டைச் சட்டென இறக்கிவிடும், பிறகு நீங்கள் தீயைக் கூட்டுவீர்கள், அதன்பின் எல்லாம் கைமீறிப் போய்விடும்.

ஒவ்வொரு முட்டையையும் முதலில் ஒரு சிறு கிண்ணத்தில் உடைத்துப் பார்த்துவிட்டுப் பெரிய கிண்ணத்துக்கு மாற்றுங்கள். 3 முட்டைக்குக் கால் தேக்கரண்டிக்குச் சற்றுக் குறைவான உப்பு போதும். பூரணத்திலும் உப்பு இருக்கிறது என்பதை மறக்க வேண்டாம். முட்டையைச் சட்டியில் ஊற்றுவதற்குச் சற்று முன்பு உப்பைப் போடாமல், 10 நிமிடமாவது முன்னதாகவே போட்டு அடித்து வைத்தால், முட்டையின் புரதங்கள் ஒன்றையொன்று இறுகப் பற்றிக்கொள்வது குறைந்து, வெந்தபின் மிருதுவாக இருக்கும். நிறம் சற்றே ஆழ்ந்து தெரியும். அதைக் கண்டு கவலைப்பட வேண்டியதில்லை.

அடிப்பதில் அளவு தெரிய வேண்டும். முள்கரண்டியைக் கிண்ணத்தின் அடியோடு ஒட்டி, பக்கவாட்டில் 30 அல்லது 40 முறை வேகமாக ஆட்டினால் வெள்ளைக்கருவும் மஞ்சள்கருவும் ஒன்றாகிவிடும். முள்கரண்டியைத் தூக்கிப் பார்க்கும்போது கோழை போல நூல் இழுத்துத் தொங்கினால் இன்னும் அடிக்க வேண்டும். அந்த நூல் அறுந்து நீராக ஒழுகினால் போதும். கேக்குக்கு அடிப்பது போல நுரைக்க நுரைக்க அடித்தால் குமிழிகள் வெந்து, ஆம்லெட் பஞ்சு போல உப்பி, சுருட்டும்போது வெடிக்கும். பால் ஊற்ற வேண்டுமா என்று கேட்பவர்களுக்கு என் விடை, வேண்டாம் என்பதே. முட்டையில் முக்கால் பங்கு நீர்தான். அதில் மேலும் நீர் சேர்த்தால் அது உறைந்து நிற்கும் வலிமை குறைகிறது.

பூரணம்

கொழுக்கட்டைக்குச் சொல்லும் சொல்லையே இங்கும் வைத்துக்கொள்கிறேன், ஏனென்றால் இலக்கணமும் அதேதான். கொழுக்கட்டைப் பூரணம் நீர்த்திருந்தால் மாவு விரியும் என்பது நம் வீட்டுப் பெண்களுக்கெல்லாம் தெரியும். வெல்லமும் தேங்காயும் சுருண்டு உருட்டும் பதம் வரும்வரை கிளறுவார்கள். முட்டைக்குள் வைப்பதும் அந்தப் பதத்தில்தான் இருக்க வேண்டும். சட்டியில் முட்டை இருப்பது ஒன்றரை நிமிடம்கூட இல்லை என்பதால் அதற்குள் வைக்கும் எதுவும் அங்கே வேகப்போவதில்லை. ஆகவே பூரணம் முன்பே முழுதாக வெந்து, நீர் வற்றி, சூடாகத் தயாராக இருக்க வேண்டும். குளிர்பெட்டியிலிருந்து எடுத்த குளிர்ந்த பூரணத்தை வைத்தால் வெளியே சூடாகவும் நடுவில் சில்லென்றும் இருக்கும், அதைப் போல வாய்க்கு ஒவ்வாதது வேறில்லை. அளவு 3 முட்டைக்கு 3 மேசைக்கரண்டி; ஆசைக்கு இன்னொரு கரண்டி வைத்தால் அந்த ஒரு கரண்டிதான் கிழிக்கும்.

புதிதாகத் தொடங்குபவர்கள் முதலில் ருகாய் பூரணம் செய்து பழகுவது நல்லது. இந்தத் தீவில் தக்காளியைப் பொம்தாமூர் என்று அழைத்து, அதை வெங்காயம், பூண்டு, இஞ்சி, தைம், மிளகாயோடு வதக்கிச் செய்யும் ருகாயை அறியாத வீடு இல்லை. சோற்றுக்குச் செய்யும் ருகாய் குழம்பாக இருக்கலாம். பூரணத்துக்கு அது தொக்கு போல இறுக வேண்டும். நன்கு பழுத்த தக்காளி 2, சிறிய வெங்காயம் 1, பூண்டு 1 பல், துருவிய இஞ்சி அரைத் தேக்கரண்டி, பச்சை மிளகாய் 1, தைம் ஒரு கொத்து, கறிவேப்பிலை சில இலைகள் எடுத்துக்கொள்ளுங்கள். 2 தேக்கரண்டி எண்ணெயில் வெங்காயத்தைக் கண்ணாடி போல ஆகும்வரை வதக்கி, பூண்டு, இஞ்சி, மிளகாய், இலைகளைப் போட்டு வாசனை வந்ததும், பொடியாக நறுக்கிய தக்காளியையும் சிறிது உப்பையும் சேர்த்து, மூடாமல், 10 முதல் 12 நிமிடம் வதக்க வேண்டும். மூடினால் ஆவி திரும்ப உள்ளேயே விழும். பதம் வந்ததா என்று அறிய ஓர் எளிய சோதனை உண்டு. கரண்டியால் சட்டியின் நடுவே ஒரு கோடு இழுங்கள். இருபக்கமும் இருந்து நீர் ஓடி வந்து கோட்டை மூடினால் ஆகவில்லை. கோடு கோடாகவே நின்று, ஓரத்தில் எண்ணெய் மினுமினுத்தால் ஆயிற்று. இறக்கியபின் தைம் குச்சியை எடுத்துவிட்டு, நறுக்கிய கொத்தமல்லியைத் தூவுங்கள்.

சந்தையில் கொத்தமல்லியைக் கொத்தோமிலி என்றும், முருங்கைக்கீரையைப் பிரேத் முரும் என்றும், பீர்க்கங்காயைப் பிபங்காய் என்றும் இந்தத் தீவின் பேச்சுமொழியான கிரியோலில் கேட்டு வாங்கும்போது, நம் முன்னோர் கொண்டுவந்த சொல்லைத்தான் வேறு மொழி பேசுவோரும் பேசுகிறார்கள் என்று எனக்கு ஒவ்வொரு முறையும் ஒரு சிறு மகிழ்ச்சி வரும். அந்த முருங்கைக்கீரை இந்த ஆம்லெட்டுக்கு மிகவும் ஏற்றது. ஒரு பெரிய கைப்பிடி கீரையை, காம்பு ஒன்றுகூட இல்லாமல் உருவி, பூண்டும் காய்ந்த மிளகாயும் தாளித்த எண்ணெயில் 4 நிமிடம் வதக்கி, ஆறியதும் கையில் வைத்து அழுத்திப் பிழியுங்கள். பிழிந்த கீரையை மறுபடி சட்டியில் போட்டு ஒரு நிமிடம் புரட்டினால் சூடும் ஏறும், மிஞ்சிய ஈரமும் போகும். காம்பு ஒன்று தப்பி உள்ளே போனாலும் அது ஊசி போல முட்டையைக் குத்திக் கிழிக்கும் என்பதால் அதில் சோம்பல் வேண்டாம். பீர்க்கங்காயை மட்டும் வைக்காதீர்கள். எவ்வளவு வதக்கினாலும் அது நீர் விட்டுக்கொண்டே இருக்கும்.

கருவாடு பிடிக்கும் வீடுகளில் அதுவே சிறந்த பூரணம். வெந்நீரில் ஊறவைத்து, ஒருமுறை கொதிக்க வைத்து அந்த நீரைக் கொட்டி, முள் நீக்கி உதிர்த்து, எண்ணெயில் மொறுமொறுப்பாக வறுத்து, பொடியாக நறுக்கிய வெங்காயத்தோடு சேர்த்தால் போதும். அன்று முட்டையில் உப்பே போட வேண்டாம். புகையூட்டிய மார்லின் மீன் கிடைத்தால் மெல்லியதாக நறுக்கிய 3, 4 துண்டுகளை அப்படியே வைக்கலாம், சமைக்கத் தேவையில்லை, ஆனால் அது அறைச் சூட்டில் இருக்க வேண்டும். சீஸ் வைப்பதானால் துருவியே வையுங்கள். கட்டியாக வைத்தால் உருகுவதற்குள் ஆம்லெட் தட்டுக்கு வந்துவிடும். நேற்றைய கோழிக்கறி மிஞ்சியிருந்தால் எலும்பு நீக்கி, குழம்பை வற்றச் சுண்டவைத்துப் பயன்படுத்தலாம். காளான் ஒன்றுக்குத் தனி எச்சரிக்கை தேவை. அது முதலில் நீர் விடும், பிறகு அந்த நீர் வற்றும், அதற்கும் பிறகுதான் சிவக்கும். அந்த மூன்றாம் கட்டம் வரும்வரை பொறுத்திருக்க வேண்டும்.

தீ

வெள்ளைக்கரு ஏறத்தாழ 62 பாகை செல்சியசில் உறையத் தொடங்குகிறது. மஞ்சள்கரு 65 முதல் 70 பாகைக்குள் கெட்டியாகிறது. இரண்டும் கலந்த முட்டை 73 பாகையை ஒட்டி உருக்கொள்கிறது. இவையெல்லாம் தண்ணீர் கொதிக்கும் சூட்டைவிட மிகவும் குறைந்தவை. தோசைக்கல்லில் தண்ணீர் தெளித்தால் சுரீரென்று துள்ளிக் காய்ந்துவிடுகிறதே, அந்தச் சூட்டில் முட்டையை ஊற்றினால் அடிப்புறம் ஒரு நொடியில் இறுகி, தன்னுள் இருந்த நீரைப் பிழிந்து வெளியே தள்ளிவிடும். அப்படி இறுகிய முட்டை ரப்பர் போல விறைத்து, மடிக்கும் இடத்தில் விரிசல் விடும். சுருட்டும்போது கிழிகிறது என்று குறைப்படுபவர்களில் பெரும்பாலோருக்கு, கிழிசல் சுருட்டுவதற்கு முன்பே, ஊற்றிய நொடியிலேயே தொடங்கிவிட்டிருக்கும்.

சட்டியின் சூட்டை அறிய வெப்பமானி வேண்டியதில்லை, வெண்ணெயே சொல்லும். மிதமான தீயில் வாணலியை ஒரு நிமிடம் வைத்து, 2 தேக்கரண்டி வெண்ணெயைப் போடுங்கள். அது உருகி, பிறகு நுரைக்கும். வெண்ணெயில் ஏறத்தாழ ஆறில் ஒரு பங்கு நீர். அந்த நீர் ஆவியாவதுதான் அந்த நுரையும் சலசலப்பும். நுரை அடங்கி, சத்தம் ஓய்ந்து, வெண்ணெய் இன்னும் பொன்னிறமாகவே இருக்கும் அந்தச் சில நொடிகள்தான் முட்டையை ஊற்ற வேண்டிய நேரம். போட்டவுடனே வெண்ணெய் பழுப்பாகிக் கருகல் வாசம் வந்தால் தீ மிகுதி. அதைத் துடைத்தெறிந்துவிட்டு, சட்டியைச் சற்று ஆறவிட்டு மறுபடி தொடங்குங்கள். கொஞ்சம் வெண்ணெய் போனால் போகட்டும். வெண்ணெயில் சில துளி எண்ணெய் சேர்த்தால் கருகாது என்று சொல்வார்கள். கருகுவது வெண்ணெயில் இருக்கும் பால் திடப்பொருள், அது எண்ணெயோடு இருந்தாலும் கருகத்தான் செய்யும் என்பதால் அந்த நம்பிக்கையில் தீயைக் கூட்டிவிடாதீர்கள்.

காஸ் அடுப்பில் சிறிய பர்னரைப் பயன்படுத்துவதே நல்லது. சுவாலை வாணலியின் அடியைத் தாண்டிப் பக்கங்களில் ஏறினால் விளிம்பு முந்தி வெந்து மொறுமொறுவென ஆகிவிடும். மின்சார அடுப்பானால், தீயைக் குறைத்தாலும் தட்டு உடனே ஆறாது. அங்கே சூட்டைக் குறைக்க ஒரே வழி வாணலியைத் தூக்கிவிடுவதுதான்.

ஊற்றிச் சுருட்டுதல்

இதுவரை சொன்னவை எல்லாம் முன்னேற்பாடு. இனி நடப்பது ஒன்றரை நிமிடத்துக்குள் முடிந்துவிடும் என்பதால், பூரணம், தட்டு, கரண்டி மூன்றும் கைக்கெட்டும் இடத்தில் இருக்கின்றனவா என்று ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். தொலைபேசி அடித்தால் அடிக்கட்டும்.

அடித்து வைத்த முட்டையை இன்னொருமுறை கலக்கி, ஒரே வீச்சில் வாணலியின் நடுவில் ஊற்றுங்கள். மெல்லிய ஒரு சீறல் கேட்க வேண்டும். வெடிப்புச் சத்தம் கேட்கக் கூடாது. மனத்துக்குள் மூன்று எண்ணுங்கள். ஓரம் சற்றே வெளுத்துக் கெட்டியாகத் தொடங்கும். உடனே இடக்கையால் வாணலியை முன்னும் பின்னும் ஆட்டியபடியே, வலக்கையில் இருக்கும் கரண்டியால் சிறு சிறு வட்டங்களாக, அடியைத் தொட்டுக் கிளறுங்கள். ஓரத்தில் உறைந்ததை நடுவுக்கும் நடுவில் இருக்கும் நீர்த்த முட்டையை ஓரத்துக்கும் கொண்டுவருவதே இதன் நோக்கம். 15 முதல் 20 நொடிகளில் முட்டை, ரவை உப்புமா இறுகுவதற்குச் சற்று முன்பு இருப்பது போல, சிறு சிறு மென்கட்டிகளும் அவற்றுக்கிடையே கொஞ்சம் ஈரமுமாக ஆகும். அந்த நொடியில் கிளறுவதை நிறுத்துங்கள். நிறுத்தத் தெரியாமல் கிளறிக்கொண்டே போனால் முட்டைப் பொரியல் கிடைக்கும். அதுவும் நல்ல உணவுதான், ஆனால் நாம் அதற்காகத் தொடங்கவில்லை.

கரண்டியின் பின்புறத்தால் முட்டையைச் சமமாகப் பரப்பி, எங்கேனும் துளை தெரிந்தால் ஈரமுட்டையால் அதை மூடி, தீயை மிகவும் தணித்து, 10 நொடி தொடாமல் விடுங்கள். அடியில் ஒரு மெல்லிய தோல் உருவாக இந்த இடைவெளி வேண்டும். பூரணத்தைத் தாங்கப்போவது அந்தத் தோல்தான். வாணலியை மெதுவாக அசைத்தால் முட்டை முழுவதும் ஒன்றாக வழுக்க வேண்டும். மேற்புறம் இன்னும் பளபளப்பாக, ஈரமாக இருக்கும். வேகவில்லையே என்று இங்கே தயங்கிக் காத்திருப்பதுதான் பலரும் செய்யும் பிழை. சுருட்டியபின் உள்ளே அடைபட்ட சூடும், சூடான பூரணமும் அதை வேக வைக்கும். மேலும், அந்த ஈரம்தான் சுருளின் மடிப்புகளை ஒட்டவைக்கும் பசை. முழுதும் காய்ந்த முட்டையைச் சுருட்டினால் பாய் போல மறுபடி விரிந்துகொள்ளும்.

கைப்பிடி உங்களை நோக்கி இருக்கட்டும். பூரணத்தை, கைப்பிடிக்குக் குறுக்காக, வட்டத்தின் நடுவைவிடச் சற்றே உங்கள் பக்கமாக, ஒரு கோடாக வையுங்கள். இரண்டு முனைகளிலும் ஒரு விரல் அகலம் வெறுமையாக விட வேண்டும். உங்கள் பக்கத்து ஓரத்தைக் கரண்டியால் நெகிழ்த்தி, தூக்கி, பூரணத்தின் மேல் போர்த்துங்கள். மசாலா தோசையைச் சுருட்டிப் பழகிய கைக்கு இது புதிதல்ல. ஒரே வேறுபாடு, தோசை மொறுமொறுப்பால் தன் வடிவத்தில் தானே நிற்கும், இதைக் கரண்டி தாங்கிப் பிடிக்க வேண்டும். இப்போது வாணலியின் எதிர்ப்பக்கம் தாழும்படி சாய்த்து, கைப்பிடியை மற்றொரு கையின் முட்டியால் இரண்டு மூன்று முறை மெதுவாகத் தட்டினால், சுருள் வழுக்கிக்கொண்டு போய் எதிர் விளிம்பில் ஒதுங்கும். விளிம்பின் சாய்வில் ஏறி நிற்கும் முட்டையின் மிச்ச ஓரத்தைக் கரண்டியால் உள்நோக்கி மடித்துவிடுங்கள். அடுப்பை அணைத்துவிட்டு, அந்த நிலையிலேயே 5 நொடி வையுங்கள்.

கவிழ்ப்பதற்குக் கைப்பிடியைப் பிடிக்கும் விதத்தை மாற்ற வேண்டும். மேலிருந்து பிடித்திருந்த கையை எடுத்து, உள்ளங்கை மேல்நோக்கி இருக்கும்படி கீழிருந்து பிடியுங்கள். மற்றொரு கையில் தட்டைச் சாய்த்து, வாணலியின் விளிம்பைத் தட்டின் நடுவில் பொருத்தி, வாணலியைத் தயக்கமில்லாமல் தலைகீழாகக் கவிழ்த்தால், சுருள் மடிப்பு கீழேயும் வழுவழுப்பான முதுகு மேலேயுமாகத் தட்டில் வந்து உட்காரும். இந்த அசைவு அச்சமூட்டினால், அடுப்பு இல்லாமல், குளிர்ந்த வாணலியில் ஈரத்துணி ஒன்றைச் சுருட்டி வைத்துப் பத்து முறை கவிழ்த்துப் பாருங்கள். என் தங்கை மகன் துண்டு ஒன்றை வைத்து அப்படித்தான் பழகினான். அந்தப் பயிற்சியைப் பக்கத்து அறைக்காரர்கள் யாரும் பார்க்கவில்லை என்பதை உறுதி செய்துகொண்டதாகவும் சொன்னான்.

தட்டில் விழுந்த சுருள் கோணலாக இருந்தால், சூடு இருக்கும்போதே தூய துணி ஒன்றை மேலே போட்டு இருபுறமும் கையால் லேசாக அணைத்தால் வடிவத்துக்கு வந்துவிடும். கிழிந்திருந்தால், கிழிசல் மேல் கொஞ்சம் பூரணத்தையோ கொத்தமல்லியையோ தூவிவிடுங்கள். அது ஏமாற்று அல்ல, விருந்தோம்பல். முதல் இரண்டு முறை பூரணமே இல்லாமல், வெறும் 2 முட்டையைச் சிறிய வாணலியில் சுருட்டிப் பழகிவிட்டு, மூன்றாம் முறை பூரணத்தைச் சேர்க்கும்படி நான் சொல்வது வழக்கம். தைப்பூசக் காவடிக்கு முந்தைய பத்து நாள் விரதத்தில் முட்டை வீட்டுக்குள்ளேயே வராத குடும்பங்கள் இங்கே நிறைய உண்டு. அப்படிப்பட்ட வீட்டில் அந்த நாட்களில் பழகத் தொடங்க வேண்டாம், விரதம் முடியட்டும்.

முழுதும் வேக வேண்டுமானால்

மேலே சொன்ன முறையில் உட்புறம் சற்றுக் குழைவாக இருக்கும். கருவுற்ற பெண்கள், சிறு குழந்தைகள், முதியவர்கள், நோயிலிருந்து தேறி வருபவர்கள் ஆகியோருக்கு முட்டை முழுதும் வெந்திருக்க வேண்டும், ஏனென்றால் சால்மொனெல்லா கிருமி அரைவேக்காட்டில் அழியாமல் இருந்துவிடலாம். அவர்களுக்கு ஜப்பானியரும் கொரியரும் கையாளும் அடுக்கு முறை ஏற்றது. ஜப்பானியர் இதற்குச் செவ்வக வாணலி வைத்திருக்கிறார்கள். நம் வட்ட வாணலியிலும் செய்யலாம், முனைகள் சற்று ஒல்லியாக வரும், அவ்வளவே. எண்ணெய் தடவிய வாணலியில் மூன்றில் ஒரு பங்கு முட்டையை மெல்லியதாக ஊற்றி, மேற்புறம் ஏறக்குறைய உறைந்ததும், ஓர் ஓரத்தில் பூரணத்தைக் கோடாக வைத்துச் சுருட்டி, சுருளை ஒருபக்கமாக ஒதுக்குங்கள். காலியான இடத்தில் எண்ணெய் தடவி அடுத்த பங்கை ஊற்றி, சுருளைச் சற்றே தூக்கி, அதன் அடியிலும் முட்டை ஓடும்படி செய்து, உறைந்ததும் அதே சுருளை அதன் மேல் உருட்டிக்கொண்டே வாருங்கள். மூன்றாம் பங்கும் அப்படியே. ஒவ்வோர் அடுக்கும் மெல்லியது என்பதால் முழுதும் வெந்துவிடும், கிழியும் அச்சமும் குறைவு. முதல் அடுக்கு கிழிந்தாலும் அடுத்த அடுக்கு அதை மூடிவிடும். உண்மையைச் சொன்னால், கை நடுங்குபவர்கள் இதிலிருந்தே தொடங்கலாம். சுவை மட்டும் வேறு. வெண்ணெயில் குழைந்த அந்த மென்மை இதில் வராது.

பரிமாறுதல்

பூரணம் வைத்துச் சுருட்டிய ஆம்லெட் யாருக்காகவும் காத்திருக்காது. சாப்பிடுபவர் முதலில் மேசையில் உட்கார்ந்திருக்க வேண்டும், அதன்பின் வெண்ணெய் சட்டிக்குள் விழ வேண்டும். முதுகில் சிறிது வெண்ணெய் தடவினால் பளபளக்கும். காலை நேரத்தில் பேக்கரியிலிருந்து சூடாக வரும் உருண்டை ரொட்டியும், கொத்தமல்லிச் சத்தினியும் (சட்னியை இங்கே அப்படித்தான் சொல்வோம்), காரம் தாங்குபவர்களுக்கு ஒரு துளி மாசாவாரு என்ற மிளகாய் விழுதும் இதற்குப் போதும். ருகாய் பூரணம் வைத்த அன்று தக்காளிச் சத்தினியைத் தவிர்த்துவிடுங்கள், புளிப்பின் மேல் புளிப்பாகிவிடும்.

அலுவலகத்துக்கு டப்பாவில் எடுத்துச் செல்வதானால் அடுக்கு முறையில் முழுதும் வேகவைத்ததை, நன்றாக ஆறவிட்டு, ஒரு விரல் தடிமனில் வில்லைகளாக வெட்டி அடுக்குங்கள். சூடாக மூடினால் ஆவி நீராகி உள்ளேயே சொட்டும். கோடையில் 2 மணி நேரத்துக்கு மேல் வெளியில் வைக்க வேண்டாம். குளிர்பெட்டி இருக்கும் அலுவலகமானால் அதில் வைத்துவிட்டு மதியம் எடுத்துக்கொள்ளலாம்.

அடுத்தவருக்கு இரண்டாவது ஆம்லெட் செய்வதற்கு முன், வாணலியைக் காகிதத் துண்டால் துடைத்து, ஒரு நிமிடமாவது ஆறவிடுங்கள். முதலாவது நன்றாக வந்து, இரண்டாவது பழுப்பாகிக் கிழிவதற்குக் காரணம் பெரும்பாலும் முந்தையதன் சூடு சட்டியில் தங்கியிருப்பதுதான். எல்லாம் முடிந்தபின் சூடான வாணலியைக் குளிர்ந்த நீரில் அமிழ்த்தினால் அடிப்பாகம் வளைந்துவிடும்; ஆறியபின் மென்மையான பஞ்சால் கழுவித் துடைத்து, அதன் மேல் வேறு பாத்திரத்தை அடுக்குவதானால் இடையில் ஒரு துணியை விரித்து வையுங்கள்.